கடைச் சாவி ஒருவர் கையில், பங்கு நால்வர் பேரில்

எடையிலும் விலையிலும் ஒரு ரூபாயைக்கூடத் தவறவிடாதவர்கள் நம் வணிகர்கள். ஆனால் "கடைக் கட்டடம் யார் பேரில் இருக்கிறது?" என்று கேட்டால், "அப்பா பேர்லதான் இருக்கு அண்ணாச்சி" என்று சாதாரணமாகச் சொல்கிறோம். அப்பா காலமாகிப் பத்துப் பதினைந்து ஆண்டுகள் ஆகியிருக்கும். பட்டாவும் மாறவில்லை, பாகமும் பிரியவில்லை. அண்ணன் கல்லாவில் இருப்பார், தம்பி கொள்முதலுக்குப் போவார், வெளியூரில் கட்டிக்கொடுத்த தங்கை பொங்கலுக்கு வந்துபோவார். எல்லாம் நன்றாகவே நடக்கும், ஏதாவது ஒரு சின்ன விஷயத்தில் பேச்சு முறியும் வரை. அது மகன் கல்யாணச் செலவாக இருக்கலாம், வங்கிக் கடனுக்குக் கையெழுத்தாக இருக்கலாம், கடன் பாக்கிப் பேரேடு யார் வீட்டில் இருப்பது என்பதாகக்கூட இருக்கலாம்.

அதற்குப் பிறகு நடப்பது நமக்குத் தெரியாததல்ல. ஒரு நாள் காலையில் கடைப் பூட்டின் மேல் இன்னொரு பூட்டுத் தொங்கும். அண்ணன் தம்பிகள் காவல் நிலைய வாசலில் நிற்பார்கள். "இது சிவில் விவகாரம், கோர்ட்டுக்குப் போங்க" என்று அங்கே சொல்வார்கள். அவர்கள் சொல்வது சரிதான். யாருக்கு என்ன பங்கு என்று தீர்மானிக்கும் அதிகாரம் காவல் துறைக்கு இல்லை. கோர்ட்டுக்குப் போனால் என்ன நடக்கும், எவ்வளவு செலவாகும், எதைச் செய்யலாம், எதைச் செய்யவே கூடாது என்பதை வணிக அன்பர்கள் முன்கூட்டியே தெரிந்துவைத்திருப்பது நல்லது.

ஓர் எடுத்துக்காட்டை வைத்துக்கொள்வோம். தந்தை 1978இல் தம் சொந்தச் சம்பாத்தியத்தில் ஒரு கடைக் கட்டடம் வாங்கினார். முகப்பு 18 அடி, நீளம் 60 அடி. முன்னால் மளிகைக் கடை, பின்னால் குடோன். 2011இல் உயில் எழுதாமல் காலமானார். தாயார், இரண்டு மகன்கள், ஒரு மகள் இருக்கிறார்கள். 1956ஆம் ஆண்டு இந்து வாரிசுரிமைச் சட்டப்படி இந்த நால்வரும் முதல் வகுப்பு வாரிசுகள். ஆளுக்குக் கால் பங்கு. தந்தையைப் பெற்ற பாட்டி அப்போது உயிரோடு இருந்திருந்தால் அவருக்கும் ஒரு பங்கு உண்டு. முன்பே இறந்துபோன மகன் ஒருவர் இருந்தால் அவருடைய மனைவி மக்களுக்கு அவர் பங்கு சேரும்.

இங்கேதான் நம்மவர்கள் பலர் தவறாக நினைக்கிறார்கள். "தங்கச்சிக்கு நகை போட்டு, சீர் செஞ்சு, கல்யாணம் பண்ணிக் கொடுத்தாச்சே, அவளுக்கு ஏது பங்கு?" என்பார்கள். தந்தையின் சொந்தச் சம்பாத்தியச் சொத்தில் மகளுக்குச் சமபங்கு 1956 முதலே இருக்கிறது. பூர்வீகச் சொத்தில் தமிழ்நாடு 1989இலேயே சட்டத் திருத்தம் செய்தது. அந்த ஆண்டு மார்ச் 25க்கு முன் திருமணமாகாத மகள்களுக்கு அது உரிமை கொடுத்தது. 2005 செப்டம்பர் 9 முதல் நடைமுறைக்கு வந்த மத்திய அரசுத் திருத்தம், திருமணமானவரா ஆகாதவரா என்ற வேறுபாட்டையே எடுத்துவிட்டது. தந்தை அந்தத் தேதியில் உயிரோடு இருந்திருக்க வேண்டியதில்லை என்று வினீதா சர்மா வழக்கில் 2020 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம் தெளிவாக்கியது. 2004 டிசம்பர் 20க்கு முன் முறையாக முடிந்துபோன பாகப்பிரிவினைகளை மட்டும் அந்தத் திருத்தம் தொடாது. சீர் வரிசை செய்தது அன்பின் பேரில் செய்தது. அது பங்கை விட்டுக்கொடுத்ததாக ஆகாது. தங்கை மனமுவந்து விட்டுக்கொடுப்பதானால் பதிவு செய்த விடுதலைப் பத்திரம் வேண்டும். (கிறிஸ்தவ வணிகர்களுக்கு 1925ஆம் ஆண்டு இந்திய வாரிசுரிமைச் சட்டமும், இஸ்லாமிய வணிகர்களுக்கு ஷரியத் பங்கு முறையும் பொருந்தும். பங்கின் அளவு மாறுமே தவிர, கீழே சொல்லும் கோர்ட்டு நடைமுறை எல்லாருக்கும் ஒன்றுதான்.)

சாவி வேறு, சொத்து வேறு

கல்லாவில் இருப்பவர் பேச்சு ஒன்று உண்டு. "முப்பது வருஷமா நான்தான் கடையைத் திறந்து மூடுறேன். லைசென்ஸ் என் பேர்ல, ஜிஎஸ்டி என் பேர்ல, கரண்ட் பில் என் பேர்ல. கடை என்னுடையதுதான்." இவை எல்லாம் தொழில் நடத்துபவர் யார் என்பதற்கான அத்தாட்சி, கட்டடம் யாருடையது என்பதற்கான அத்தாட்சி அல்ல. பட்டாவும் சொத்து வரி ரசீதும்கூடத் தம்மளவில் உரிமை மூலம் ஆகிவிடாது.

கூட்டுச் சொத்தில் ஒருவர் மட்டும் இருந்து அனுபவித்தால், அவர் மற்ற பங்காளிகளுக்காகவும் சேர்த்தே அனுபவிக்கிறார் என்றுதான் சட்டம் கொள்கிறது. எத்தனை ஆண்டுகள் தனியாக இருந்தாலும், வருமானத்தைத் தனியாக எடுத்துக்கொண்டாலும், அது மட்டுமே மற்றவர் பங்கை அழித்துவிடாது. "உனக்கு இதில் பங்கே கிடையாது" என்று வெளிப்படையாக மறுத்து, அது எதிர்த் தரப்புக்குத் தெரிந்து, அதன் பின்னும் 12 ஆண்டுகள் ஓடியிருந்தால்தான் காலாவதி என்ற பேச்சே எழும். ஆகவே வெளியூரில் இருக்கும் பங்காளி, அப்படி ஒரு மறுப்பு நோட்டீஸ் கைக்கு வந்த நாளைக் குறித்துவைத்துக்கொள்ள வேண்டும். பீரோவில் போட்டு மறந்துவிடுவது ஆபத்து.

மறுபக்கமும் இருக்கிறது. பங்கு இருக்கிறது என்பதற்காக ஆட்களோடு வந்து பூட்டை உடைக்கும் உரிமை யாருக்கும் கிடையாது. சட்டப்படியான நடவடிக்கை இல்லாமல் ஒருவரை இடத்தைவிட்டு வெளியேற்றினால், வெளியேற்றப்பட்டவர் 1963ஆம் ஆண்டு குறித்த வகைப் பரிகாரச் சட்டத்தின் 6ஆம் பிரிவின்படி ஆறு மாதத்துக்குள் வழக்குப் போட்டுச் சுவாதீனத்தைத் திரும்பப் பெறலாம். சொத்து யாருடையது என்ற கேள்வியே அந்த வழக்கில் எழாது. யார் இருந்தார், யார் வெளியேற்றினார் என்பது மட்டும்தான். ஆறு மாதம் தாண்டினால் இந்தக் குறுக்குவழி அடைபட்டுவிடும். பிறகு நீண்ட பாதைதான்.

அடிதடி வரும் நிலை ஏற்பட்டால், 2024 ஜூலை முதல் நடைமுறைக்கு வந்துள்ள பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 164ஆம் பிரிவின்படி (முன்பு 145ஆம் பிரிவு என்று நாம் சொல்லிவந்தது) நிர்வாகத் துறை நடுவர் விசாரிக்கலாம். அவரும் பங்கைத் தீர்மானிக்க மாட்டார். யார் கையில் இடம் இருந்தது என்று மட்டுமே பார்ப்பார்.

ஒரு வழக்கு, இரண்டு தீர்ப்பு

பேச்சுவார்த்தை பலிக்காதபோது கடைசி வழி பாகப்பிரிவினை வழக்கு. இதைப் பங்குதாரர் எவர் வேண்டுமானாலும் போடலாம். ஆனால் எல்லாப் பங்குதாரரையும் சேர்க்க வேண்டும், எல்லாக் கூட்டுச் சொத்தையும் சேர்க்க வேண்டும். கடையை மட்டும் காட்டி, ஊரில் உள்ள காலி மனையை விட்டுவிட்டாலோ, "அவள்தான் கேட்கவில்லையே" என்று தங்கையை விட்டுவிட்டாலோ, வழக்கு அந்தக் குறையிலேயே தள்ளுபடியாகும் நிலை வரும். நாலு வருடம் நடந்த பிறகு அப்படி ஆனால் எப்படி இருக்கும் என்று யோசித்துப் பாருங்கள்.

கோர்ட்டுக் கட்டணத்தில் ஒரு நுணுக்கம் உண்டு. நீங்களும் கூட்டு அனுபவத்தில் இருப்பவர் என்றால், தமிழ்நாடு நீதிமன்றக் கட்டணச் சட்டத்தின் 37ஆம் பிரிவில் சிறிய, நிலையான கட்டணம்தான். அனுபவத்திலிருந்து விலக்கப்பட்டவர் என்றால் உங்கள் பங்கின் சந்தை மதிப்புக்குக் கட்டணம் கட்ட வேண்டும். 2017 திருத்தத்துக்கு முன் அது நூற்றுக்கு ஏழரை ரூபாய்; திருத்தத்துக்குப் பின் 3 ரூபாய். நம் எடுத்துக்காட்டுக் கடையின் மதிப்பு 80 லட்சம் என்றால் கால் பங்கு 20 லட்சம், கட்டணம் 60,000 ரூபாய். எனவே கோபத்தில் அனுப்பும் வக்கீல் நோட்டீசில் "என்னை அடியோடு வெளியேற்றிவிட்டீர்கள்" என்று உண்மைக்கு மேல் எழுதச் சொல்லாதீர்கள். அதே வாசகம் கட்டணத்திலும் திரும்பி வரும், காலக் கணக்கிலும் திரும்பி வரும்.

வழக்கு ஏன் இத்தனை காலம் இழுக்கிறது என்று பலர் கேட்கிறார்கள். நீதிபதிகள் மேல் பழி போட்டுப் பயனில்லை. பாகப்பிரிவினை வழக்கின் அமைப்பே அப்படி. முதலில் யார் யாருக்கு எத்தனை பங்கு என்று முதல்நிலைத் தீர்ப்பாணை வரும். அதை வைத்துக்கொண்டு ஓர் அடி இடத்தைக்கூடக் கையில் வாங்க முடியாது. பிறகு கமிஷனர் வந்து அளந்து, மதிப்புப் போட்டு, அறிக்கை கொடுத்து, ஆட்சேபணை கேட்டு, இறுதித் தீர்ப்பாணை வர வேண்டும். முதல்நிலைத் தீர்ப்பாணை மீது தனியாக அப்பீல் உண்டு. இறுதித் தீர்ப்பாணை மீதும் தனியாக அப்பீல் உண்டு. முக்கியமான சட்டக் கேள்வி இருந்தால் இரண்டிலும் உயர் நீதிமன்றத்தில் இரண்டாம் அப்பீலும் உண்டு. ஒரு வழக்கு என்று நினைத்துப் போட்டது ஆறு படியாக நீளக்கூடும். முதல்நிலைத் தீர்ப்போடு வழக்கு முடிந்ததென்று கட்டிப் போட்டுவிடாமல், விசாரணை நீதிமன்றங்கள் தாமாகவே இறுதிநிலைக்கு எடுத்துச்செல்ல வேண்டும் என்று 2022இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. நல்ல ஏற்பாடு. ஆனாலும் வாய்தா வாய்தாதான்.

இதற்கிடையே கடைக்கு என்ன ஆகிறது? நகைக் கடைச் சரக்கு பூட்டுக்குள் இருந்தாலும் தங்கம் தங்கமாகவே இருக்கும். நம் சரக்கு அப்படியா? துவரம்பருப்பில் வண்டு விழும். மாவு கட்டி தட்டும். வெல்லம் கசியும். ஏலக்காயில் மணம் போய்விடும். மூன்று மாதம் பூட்டிய மளிகைக் கடையைத் திறந்தால் உள்ளே இருப்பது சரக்கல்ல, குப்பை. மண்டியில் கடன் நின்றுவிடும். "பங்காளிக்குள்ள தகராறாமே" என்ற சேதி நம் சரக்கு லாரியைவிட வேகமாகப் போகும். மாதச் சாமான் வாங்கிவந்த குடும்பங்கள் பக்கத்து சூப்பர் மார்க்கெட்டுக்குப் பழகிவிடும். கோர்ட்டு ரிசீவர் ஒருவரை நியமித்துக் கடையை நடத்தச் சொல்லவும் சட்டத்தில் இடமுண்டு. ஆனால் எந்த வாடிக்கையாளருக்கு எத்தனை நாள் கடன் கொடுக்கலாம் என்பது ரிசீவருக்கு எப்படித் தெரியும்?

ஆகையால் எந்தத் தரப்பில் இருந்தாலும், முதல் நாளே ஒன்றில் மட்டும் உடன்பட்டுவிட வேண்டும் என்பது என் கருத்து. கடை பூட்டப்படக் கூடாது. வழக்கு முடியும்வரை இன்னார் நடத்துவது, மாதக் கணக்கை எழுதிக் கொடுப்பது, வாடகைக்குச் சமமான தொகையைத் தனி வங்கிக் கணக்கில் அல்லது நீதிமன்றத்தில் கட்டிவருவது என்று இரு தரப்பும் கையெழுத்திட்டு மனுப் போட்டால் நீதிமன்றம் மறுக்கப்போவதில்லை. கடையில் இருப்பவருக்கும் இது லாபமே. இல்லாவிட்டால் இறுதியில் இடைப்பட்ட ஆண்டுகளின் வருமானத்துக்கு அவர் மொத்தமாகக் கணக்குச் சொல்ல வேண்டிவரும்.

18 அடியை நாலாக வெட்டினால்

முகப்பு 18 அடி. நாலு பங்கு என்றால் ஆளுக்கு நாலரை அடி. நாலரை அடியில் தராசு வைக்கலாம், கடை வைக்க முடியாது. இந்த மாதிரி இடங்களுக்காகவே 1893ஆம் ஆண்டிலேயே பாகப்பிரிவினைச் சட்டம் ஒன்று வந்தது. இன்றும் நடைமுறையில் இருக்கிறது. வெட்டிப் பிரிப்பது உசிதமில்லாத சொத்தை விற்றுப் பணத்தைப் பிரித்துக்கொள்ளலாம் என்று பாதிப் பங்கோ அதற்கு மேலோ உள்ளவர்கள் கேட்டால், நீதிமன்றம் 2ஆம் பிரிவின்படி விற்க உத்தரவிடலாம். அப்படி விற்கக் கேட்கும்போது மற்றொரு பங்காளி, "விற்க வேண்டாம், மதிப்புப் போடுங்கள், அவர் பங்கை நானே வாங்கிக்கொள்கிறேன்" என்று 3ஆம் பிரிவின்படி கேட்கலாம். நீதிமன்றம் மதிப்புப் போட்டு அவருக்கே கொடுக்கும். கடையைக் காப்பாற்ற விரும்பும் தம்பிக்கு இதைவிடப் பெரிய ஆயுதம் வேறில்லை. ஆனால் கையில் பணம் வேண்டும். வழக்கு நடக்கும் ஆண்டுகளிலேயே அதற்குச் சேர்த்துவருவது புத்திசாலித்தனம்.

தாயார் யார் வீட்டில் இருக்கிறாரோ அவருக்குத் தம் கால் பங்கைச் செட்டில்மென்ட் எழுதிவைப்பது வழக்கம். அப்போது அவர் பங்கு பாதியாகிவிடும், 2ஆம் பிரிவுக்கு அவர் ஒருவரே போதும். பத்திர அலுவலகத்துக்குத் தாயாரை அழைத்துப்போன காருக்குள்தான் பல குடும்பங்களின் சண்டை தொடங்குகிறது!

இந்து வாரிசுரிமைச் சட்டத்தின் 22ஆம் பிரிவு நம்மவர்களில் பலருக்குத் தெரியாதது. உயிலில்லாமல் இறந்தவரின் அசையாச் சொத்தோ அவர் நடத்திய தொழிலோ முதல் வகுப்பு வாரிசுகள் பலருக்கு வந்து, அதில் ஒருவர் தம் பங்கை விற்க முனைந்தால், வாங்கும் முதல் உரிமை மற்ற வாரிசுகளுக்கே. 'தொழில்' என்ற சொல்லே சட்டத்தில் இருக்கிறது. விலையில் ஒத்துவராவிட்டால் நீதிமன்றம் விலையைத் தீர்மானிக்கும். தங்கை தம் கால் பங்கை மூன்றாம் மனிதருக்கு விற்கப்போகிறார் என்று தெரிந்தால் தங்கையிடம் சண்டைக்குப் போகாமல் வக்கீலிடம் 22ஆம் பிரிவைக் கேளுங்கள். அதற்கும் முன்னால், நியாயமான விலையைச் சொல்லித் தங்கையிடமே கேளுங்கள். அவர் அண்ணனுக்குக் கொடுப்பதையே விரும்புவார். அடிமாட்டு விலைக்குக் கேட்பதால்தான் வெளியாளிடம் போகிறார்.

தொழிலைப் பற்றி இன்னும் ஒன்று. குடும்பத்தில் ஒருவர் தொழில் நடத்துகிறார் என்பதாலேயே அது குடும்பக் கூட்டுத் தொழில் என்று சட்டம் அனுமானிக்காது. கூட்டுப் பணம் அதில் போனது என்று சொல்பவர்தான் நிரூபிக்க வேண்டும். ஆக, தம்பி கொடுத்த பணம் பேரேட்டில் தம்பி பேரில் பற்று வரவாக இருக்கிறதா என்பதே வழக்கைத் தீர்மானிக்கும். வாய்க்கணக்கு கோர்ட்டில் நிற்காது. வருமான வரிக்காகத் தம் பணத்தில் தம்பி பேரில் மட்டும் இடம் வாங்கிப் போட்டவர்கள் இன்னும் கவனிக்க வேண்டும். 1988ஆம் ஆண்டு பினாமிச் சட்டப்படி, பினாமி என்று ஆகிவிட்டால் "அது என் சொத்து" என்று வழக்கே போட முடியாது. 2016 திருத்தத்துக்குப் பின் சொத்தே பறிமுதலாகலாம். சகோதரர் பேரில் வாங்குவதானால் பத்திரத்தில் உங்கள் பேரும் கூட்டாக இருக்க வேண்டும், கொடுத்த பணத்துக்கும் கணக்குக் காட்டத் தெரிய வேண்டும்.

சமரசத்துக்கும் கோர்ட்டு முத்திரை வேண்டும்

நம் சங்கப் பெரியவர்களை வைத்துப் பேசி முடிப்பது நம்மிடையே நெடுநாள் பழக்கம். நல்ல பழக்கம். கடையின் உண்மையான லாபம் என்ன, சரக்கு மதிப்பு என்ன என்பது ஒரு வணிகருக்குத்தான் சட்டென்று புரியும். ஆனால் பேசி முடித்ததை வெள்ளைத்தாளில் எழுதிக் கையெழுத்து வாங்கிச் சட்டைப் பையில் வைத்துக்கொள்வதில்தான் கோளாறு. ஏற்கெனவே வாய்மொழியாக நடந்த ஏற்பாட்டை நினைவுக்காக எழுதிவைத்தால் பதிவு வேண்டாம் என்று 1976இல் காலே வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருப்பது உண்மைதான். ஆனால் அந்தத் தாளே சொத்தைப் பிரிக்கிறது என்று ஆனால் அது பதிவாகியிருக்க வேண்டும். எது நினைவுக் குறிப்பு, எது பிரிவினை என்பதற்கே பத்து வருடம் வழக்கு நடக்கும். எதற்கு வம்பு? குடும்பத்தாருக்குள் எழுதும் பாகப்பிரிவினைக்கும் விடுதலைக்கும் தமிழ்நாட்டில் கட்டணத்துக்கு உச்சவரம்பு இருக்கிறது. 2023 ஜூலையில் அதை முத்திரைத் தீர்வைக்குப் பங்கு ஒன்றுக்கு 25,000இலிருந்து 40,000 ரூபாயாகவும், பதிவுக் கட்டணத்துக்கு 4,000இலிருந்து 10,000 ரூபாயாகவும் உயர்த்தினார்கள். உயர்ந்தும்கூட வழக்குச் செலவுக்கு முன் இது கொசுறுதான். பதிவு செய்யப் போகும் முன் அன்றைய விகிதத்தைச் சார்பதிவாளர் அலுவலகத்தில் கேட்டுக்கொள்ளுங்கள்.

வழக்குப் போடும் முன்பே வட்டச் சட்டப் பணிகள் குழுவில் மனுக் கொடுத்து மக்கள் நீதிமன்றத்தில் முடித்துக்கொள்ளலாம். கோர்ட்டுக் கட்டணம் கிடையாது. அங்கே இரு தரப்பும் ஒப்புக்கொண்டு வரும் உத்தரவு சிவில் கோர்ட்டுத் தீர்ப்பாணைக்குச் சமம். அதன் மேல் அப்பீலும் இல்லை. வழக்குப் போட்டிருந்தாலும் சமரச மையத்துக்கு அனுப்பும்படி கேட்கலாம். நீதிமன்றத்தோடு இணைந்த சமரச மையம் சென்னை உயர் நீதிமன்றத்தில் 2005இலேயே தொடங்கியது. பிறகு மாவட்டங்களுக்கும் வந்துவிட்டது. அங்கே பேசியது எதையும் பின்னால் வழக்கில் எடுத்துச் சொல்ல முடியாது என்பதால் மனம்விட்டுப் பேசலாம். சமரசமானால் கட்டிய கோர்ட்டுக் கட்டணம் முழுவதும் திரும்பக் கிடைக்கும். தரப்பினர் தங்களுக்குள்ளேயே வெளியில் பேசி முடித்துக்கொண்டாலும் கட்டணத்தைத் திருப்பித் தர வேண்டும் என்று 2021 பிப்ரவரியில், நம் சென்னை உயர் நீதிமன்றத்திலிருந்து போன வழக்கிலேயே உச்ச நீதிமன்றம் சொன்னது. அந்த 60,000 ரூபாயைக் கேட்டு வாங்கிக்கொள்ள மறந்துவிடாதீர்கள்.

சமரசத் தீர்ப்பாணை வாங்கும்போது ஒன்றைப் பார்த்துக்கொள்ளுங்கள். வழக்கில் உள்ள சொத்துகளை மட்டும் அது பங்கிட்டால் தனியாகப் பதிவு வேண்டியதில்லை. வழக்கில் இல்லாத ஊர் மனையையும் "அதை நீ வெச்சுக்கோ" என்று சேர்த்து எழுதினால் அதற்குப் பதிவு வேண்டும். தீர்ப்பாணை நகல் கைக்கு வந்ததும் பட்டா, சொத்து வரி, மின் இணைப்பு எல்லாவற்றுக்கும் பெயர் மாற்ற மனுக் கொடுத்து, ஒப்புகைச் சீட்டுகளைத் தீர்ப்பாணையோடு ஒரே கோப்பில் வைத்து, அதன் நகல் ஒன்றைத் தங்கைக்கும் அனுப்பிவிடுங்கள்.